பால்கட்டு

பூ மூட்டை ஏறாமல் அந்த பஸ் ஊரைவிட்டு நகராது. அது தெரிந்துதான் நாகஜோதி ஜன்னலோரமாகப் பார்த்து உட்கார்ந்தாள், பஸ் ஓட ஆரம்பித்தால் காற்றில் வாசம் பின்பக்கம் போய்விடும் என்று. ஆனால் நிற்கிற பஸ்ஸில் காற்றுக்கு எங்கே போவது, டிரைவர் டீக்கடையில் யாரிடமோ மழை பற்றிப் பேசிக்கொண்டிருந்தார், ஈரச்சாக்கில் கட்டின மல்லிகை மொட்டு முன்படியை அடைத்துக்கொண்டு கிடந்தது, வாசம் எழுந்து வந்து முகத்தில் ஈரத்துணி மாதிரி ஒட்டிக்கொண்டது. கல்யாண வீட்டுக்குப் போகிறவள் என்றால் இந்த வாசத்துக்குச் சந்தோஷப்படுவாள். பூக்காட்டிலேயே பிறந்து பூக்காட்டிலேயே வாக்கப்பட்டவளுக்கு மல்லிகை என்றால் விடிவதற்குள் எடுத்து முடிக்க வேண்டிய வேலை, அவ்வளவுதான். குனிந்து குனிந்து இடுப்பு விட்டுப்போகும் வேலை. அப்படித்தான் எல்லாரிடமும் சொல்லுவாள். ஏண்டி தலையில பூவே வைக்க மாட்டேங்குற என்று கேட்டால், நாள் முழுக்க அதோடதானக்கா மாரடிக்கிறேன், தலையில வேற தூக்கிச் சுமக்கணுமா என்று சிரிப்பாள், கேட்டவளும் சிரித்துவிட்டுப் போவாள். மடியில் பிள்ளை நிமிர்ந்து நிமிர்ந்து கம்பியைப் பிடிக்கப் பார்த்தது. பக்கத்தில் பெரியம்மா. கண்டக்டர் வந்தார். "எங்கத்தா?" "பெரிய ஆஸ்பத்திரி. ரெண்டு." "ஒண்ணு ஆஸ்பத்திரி, ஒண்ணு பஸ்ஸ்டாண்டு," என்று பெரியம்மா திருத்தினாள். "ஓசி டிக்கெட்டுல என்னத்தா அதுல ரெண்டு ஊரு," என்று கிழித்துக் கொடுத்துவிட்டு அவர் போய்விட்டார். "ஏன் பெரியம்மா, ஆஸ்பத்திரிக்கு வாரேன்னுதான வந்த?" "துணைக்கு வாரேன்னேன். உள்ள வாரேன்னா சொன்னேன்? அந்த மருந்து வாடை எனக்கு ஆகாது. நான் பஸ்ஸ்டாண்டுல ஒக்காந்திருக்கேன், நீ காட்டிட்டு வா. அதுவும் அவன் ஒண்ணுமில்லேன்னுதான் சொல்லுவான், பாத்துக்க. பால்கட்டுதான் அது."

பால்கட்டு. பஸ் ஒரு உறுமலோடு கிளம்பியது, காற்று வந்தது, ஆனால் அந்தச் சொல் மட்டும் காற்றில் போகாமல் காதுக்குள்ளேயே உட்கார்ந்துகொண்டது. எத்தனை முறை கேட்ட சொல். பிள்ளை பெற்றவளுக்குப் பால் கட்டிக்கொள்ளும், மார் கல்லாகும், காய்ச்சல் வரும், மல்லிகைப் பூவை அரைத்தோ அப்படியே துணியில் வைத்தோ மாரோடு சேர்த்துக் கட்டினால் பால் வத்தும், கட்டு கரையும். இது ஊரில் எல்லாப் பொம்பளைக்கும் தெரிந்த வைத்தியம், பொய்யும் இல்லை, தலைப்பிள்ளை தங்காமல் போனபோது பக்கத்து வீட்டு அக்கா அப்படித்தான் பாலை வத்தவைத்தாள், பாவம். அதனால் இடப்பக்கத்தில், அக்குளுக்குக் கொஞ்சம் கீழே, சோப்புப் போடும்போது கைக்கு அது தட்டுப்பட்டதும் நாகஜோதியும் பால்கட்டு என்றுதான் நினைத்தாள். நினைத்தாளா, நினைத்துக்கொண்டாளா. புளியங்கொட்டை மாதிரி. இல்லை, புளியங்கொட்டை அழுத்தினால் வழுக்கிக்கொண்டு ஓடும், இது ஓடவில்லை, வேர் விட்ட மாதிரி இருந்த இடத்திலேயே இருந்தது. வலி இல்லை. வலி இருந்தால்கூடப் பரவாயில்லை, வலிக்கிறதோடு சண்டை போடலாம். பிள்ளை இடப்பக்கம் வைத்தால் குடிக்கவில்லை, வாயை வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது, திரும்ப வைத்தால் முதுகை வளைத்து அழுதது, வலப்பக்கம் மாற்றினால் ஒன்றும் நடக்காத மாதிரி சப்சப்பென்று குடித்தது. கழுதைக்கு இப்பவே பக்கம் பார்க்கத் தெரியுது பாரேன் என்று புருஷனிடம் சிரித்தாள். அவன் பெயர் சங்கிலி, மினிலாரி ஓட்டுகிறவன், எந்தச் சத்தத்தையும் காது கொடுத்துக் கேட்கிறவன். வண்டியில ஒரு சத்தம் புதுசா வந்தா ஓட்டிக்கிட்டே இருக்கக்கூடாது ஜோதி, நிறுத்திப் பாத்துரணும் என்றான். ஊர் நர்ஸக்கா தன் வீட்டுக் கொல்லையில் நிறுத்திக் கையை வைத்துப் பார்த்தாள். வழவழவென்று பேசிக்கொண்டே பார்க்கிறவள், உன் மக என்ன வெயிட்டு போட்டிருக்கா, என்ன குடுக்குற என்று கேட்டுக்கொண்டே விரலை நகர்த்தினவள், ஒரு இடத்தில் வந்ததும் பேச்சை நிறுத்திவிட்டாள். நிறுத்தினது கொஞ்ச நேரம்தான். அந்தக் கொஞ்ச நேரம்தான் நாகஜோதிக்கு அன்றிலிருந்து முடியாமல் ஓடிக்கொண்டிருக்கிறது. பெரிய ஆஸ்பத்திரியில போய்க் காட்டு, தள்ளிப் போடாத, உங்க வீட்டுல யாருக்கும் இந்த மாதிரி இருந்துச்சா? இல்லக்கா, எங்க வீட்டுல எல்லாருக்கும் பால்கட்டு மட்டுந்தான் வரும். சொல்லும்போதே வாயில் என்னவோ இடறியது, சோற்றில் கல் கடிபட்ட மாதிரி. எல்லாருக்கும். பால்கட்டு மட்டும். நர்ஸக்கா அவளையே பார்த்தாள்.

அம்மாச்சிக்குப் பால்கட்டு. அவள் எப்படி இருப்பாள் என்றுகூட நாகஜோதிக்குத் தெரியாது, பிறப்பதற்கு முன்பே போய்விட்டாள், அம்மாவும் பெரியம்மாவும் பேசிக்கொள்ளும்போது நடுவில் வந்துபோகிற ஒரு பேச்சு, அவ்வளவுதான். அம்மாவுக்குப் பால்கட்டு. அம்மா செத்துத் துட்டி கேட்க வந்தவர்கள் வெள்ளத்தாய்க்கு என்னாச்சு என்று கேட்டபோது, பால்கட்டுத்தா, உள்ளுக்கே புரையோடிப்போச்சு என்று பெரியம்மா சொல்லிக்கொண்டே இருந்தாள், வந்தவர்களும் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார்கள். அதற்குமேல் யாரும் கேட்கவில்லை. தம்பி அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தான், டவுசர் போட்டு, பையை மாட்டிக்கொண்டு, மத்தியானம் சத்துணவில் இரண்டு முட்டை கேட்டுச் சண்டை போடுகிற பிள்ளை. அவனுக்கப்புறம் அம்மாவுக்குப் பிள்ளை இல்லை. பிறகு எந்தப் பால், எங்கே வந்து கட்டியது. இவ்வளவு பெரிய ஓட்டை அந்தச் சொல்லில் இருந்தது, யானை போகலாம், யாருக்கும் கண்ணில் படவில்லை. தனக்கும் படவில்லை. நர்ஸக்காவின் கொல்லையில் ரவிக்கைக் கொக்கியை மாட்டிக்கொண்டே நின்றபோதுதான் பட்டது, பட்டதும் ஒரு கொக்கியை மாற்றி மாட்டிக்கொண்டு வீடுவரை அப்படியே நடந்துவந்தாள். பஸ் ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது. பிள்ளை குலுங்கிச் சிரித்தது. அம்மா சாயங்காலமானால் கேட்பாள், ஜோதி, நல்ல மொட்டாப் பாத்து ஒரு கை எடுத்துட்டு வாத்தா. எடுத்துக்கொண்டு ஓடுவாள். அம்மா திரும்பி நின்றுகொண்டு துணியில் வைத்து மடித்து மாரில் கட்டிக்கொள்வாள். இரவெல்லாம் அது உள்ளே மலரும். அம்மாவை முன்பக்கமாகக் கட்டிப் பிடிக்கக் கூடாது, முதுகோடு ஒட்டித்தான் படுக்க வேண்டும், அப்போது ரவிக்கைக்குள்ளிருந்து வரும் அந்த வாசம், முதலில் கல்யாண வீடு மாதிரி, விடியும்போது வேறு மாதிரி, வெந்து புளித்துப்போன பூ, அதற்கும் அடியில் வேறொன்று. அதற்குப் பெயர் தெரியாது. எங்கம்மாகிட்ட பூ வாசம் வரும் என்று பள்ளிக்கூடத்தில் பெருமையாகச் சொல்லியிருக்கிறாள். உங்கம்மாட்ட? சாணி வாசமா? என்று கேட்டு ஒருத்தியை அழவும் வைத்திருக்கிறாள்.

"என்னடி ஒரே யோசனை. பிள்ளைக்குத் தலை நனையுது பாரு வேர்த்து," என்றாள் பெரியம்மா. "குடு இங்கிட்டு." கொடுக்கவில்லை, வேண்டாம் பெரியம்மா இருக்கட்டும் என்றாள், ஏன் கொடுக்கவில்லை என்று தெரியவில்லை, இந்த நேரத்தில் பிள்ளையின் கனம் தொடைமேல் இருந்தால்தான் தானும் இருக்கிற மாதிரி இருந்தது. பெரியம்மா கோபித்துக்கொள்ளவில்லை. அதுவே அதிசயம். அம்மா போனபிறகு தூக்கி வளர்த்தவள், ஒச்சம்மா என்றால் நாலு தெருவுக்குக் கேட்கும் குரல், பூக்காட்டில் ஆள் எடுத்து நிறுத்தி வேலை வாங்குகிறவள், இன்றைக்கு என்னவோ மழையில் நனைந்த கோழி மாதிரி அடங்கி உட்கார்ந்திருந்தாள். ஆஸ்பத்திரிப் பேச்சை எடுத்தபோது வீட்டில் எப்படிக் கத்தினாள். கத்தி வச்சு அறுத்துருவானுக, அறுத்தா பரவிரும், ஒங்கம்மாவ அங்கன கூட்டிட்டுப் போகாததுனாலதான் அவ அத்தன நாளாவது இருந்தா. ராத்திரிக்கு ராத்திரி பூ வச்சுக் கட்டுடி, நான் எடுத்துத் தாரேன். வைத்துத்தான் பார்த்தாள் நாகஜோதியும். பொய் என்ன அதில், பயந்துகிடக்கிறவள் எதையும் செய்வாள். காலையில் அவிழ்த்தால் மொட்டெல்லாம் பழுப்பாக வதங்கி உடம்போடு ஒட்டிக்கிடந்தது, அதை எடுத்த இடத்தில் கட்டி இருந்தது, கொஞ்சமும் வதங்காமல். கொல்லையில் கொண்டுபோய்க் கொட்டினாள், குளித்தாள், சீயக்காய் போட்டுத் தேய்த்தாள், தோல் சிவக்கத் தேய்த்தாள். மறுநாளே ஆஸ்பத்திரிக்குப் போகப்போகிறேன் என்று சொன்னதும் பெரியம்மா கத்தவில்லை. சரி, நானும் வாரேன் என்றாள். பஸ் ஏறும்வரை கேட்டுக்கொண்டே வந்தாள். ஊசி போட்டுத்தான் பாப்பாங்களாமே, அது வலிக்குமாடி? ஆம்பள டாக்டரா இருந்தா என்ன செய்வ? அவுத்துக் காட்டணுமா, இல்ல துணிக்கு மேலயே மிஷின வச்சுருவாங்களா? எத்தன வயசு ஆளு வரைக்கும் பாப்பாங்க? எனக்கென்ன பெரியம்மா தெரியும், நான் மட்டும் தினம் போய்ட்டா வாரேன் என்று சிரித்தாள். கடைசிக் கேள்வி கொஞ்சம் மொட்டையாக இருந்தது. அப்போது அது காதில் விழுந்ததே தவிர உள்ளே இறங்கவில்லை.

நிலக்கோட்டையில் பஸ் நின்றது. பூ மார்க்கெட்டுக்குப் போகிற ஆள் முன்படியில் ஏறி மூட்டைகளை ஒவ்வொன்றாகத் தோளில் தூக்கி இறக்கினான், சாக்கிலிருந்து தண்ணீர் சொட்டிச் சொட்டிப் படியெல்லாம் ஈரம், பின்னால் யாரோ, இன்னைக்கு முகூர்த்த நாளுல்ல, பூவு ஏறிக்கிடக்கு என்றார்கள், யாரோ அதற்கு ஏதோ சொன்னார்கள். மூட்டை எல்லாம் போனது. நாகஜோதி மூச்சை நன்றாக இழுத்து விட்டாள். கதவு திறந்து கிடந்தது, பஸ் வேகம் பிடித்தது, வெயிலோடு காற்று ஒரு பக்கம் புகுந்து மறுபக்கம் போயிற்று, முன்னால் இருந்தவர்களின் துண்டும் முந்தானையும் படபடத்தன. வாசம் போகவில்லை. ஒரு நிமிடம், படியில் சொட்டின தண்ணீராக இருக்கும் என்று நினைத்தாள். அது காய்ந்துகொண்டிருந்தது. மூட்டை இருந்தபோது வந்தது பச்சை வாசம், மொட்டு வாசம். இது அது இல்லை. இது விடியற்கால வாசம். வெந்து புளித்தது, அதற்கும் அடியில் ஒன்று. அம்மாவின் முதுகு.  தன்னிடமிருந்துதான் வருகிறது. அப்படித்தான் தோன்றியது முதலில், வேறெப்படித் தோன்றும், அவ்வளவு தேய்த்தும் போகவில்லை, தோலுக்குள் இறங்கிவிட்டது, அம்மாவுக்கு வந்த மாதிரியே வந்துவிட்டது, மூக்கும் கண்ணும் நிறமும் வருகிற மாதிரி இதுவும் வருகிறது, பஸ்ஸில் இருக்கிறவர்களுக்கெல்லாம் தெரியும், முன்சீட்டுக்காரி திரும்பிப் பார்த்தாளே அது இதற்குத்தான். தலையைக் குனிந்து தன் தோளை மோந்து பார்த்தாள், பிள்ளையின் தலைமேல் முகத்தை வைத்துக்கொண்டு, முத்தம் கொடுக்கிற சாக்கில். சீயக்காய். பால். வேர்வை. வேறொன்றும் இல்லை. திரும்பவும் மோந்தாள். இல்லை. ஆனால் நிமிர்ந்தால் இருந்தது. எங்கேயோ பக்கத்தில், சூடாக.

கையைப் பார்த்தாள். தன் இடக்கை எப்போது போய் அக்குளுக்கடியில் மடிந்துகொண்டதோ தெரியவில்லை. எப்போதும் அங்கேதான் போகும். பெண் பார்க்க வந்த அன்றைக்குச் சங்கிலியின் அத்தை, இது வெள்ளத்தாய் மகதான, நிக்கிற நிலையிலயே தெரியுதே என்றாள். எல்லாரும் ஆமாம் என்றார்கள். அம்மா அப்படித்தான் நிற்பாள், வலது இடுப்பில் குடம், இடக்கையை மடித்து அக்குளில் செருகிக்கொண்டு, தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து. என்ன ஒயிலு என்பார்கள். நாகஜோதி சின்னவளாக இருந்தபோதே கண்ணாடி முன்னால் அப்படி நின்று பார்த்திருக்கிறாள், அம்மா போனபிறகு இன்னும் அதிகமாக, அப்படி நின்றால் அம்மா வந்து தனக்குள் நிற்கிற மாதிரி இருக்கும். அந்த நிலையைப் பார்த்துத்தான் அவளுக்குக் கல்யாணம் முடிந்தது என்றுகூடச் சொல்லலாம். ஒயில். வலிக்கிற இடத்தைப் பொத்திக்கொண்டு நின்றிருக்கிறாள் அந்தப் பொம்பளை. குடத்தை அந்தப் பக்கம் வைக்க முடியாமல் இந்தப் பக்கம் வைத்திருக்கிறாள். அதைப் போய் அழகு என்று படித்துக்கொண்டோம். கையை வெடுக்கென்று உருவி மடியில் போட்டாள், பிள்ளையைப் பார்த்தாள், பிள்ளை தன் இடது கையை எங்கே வைத்திருக்கிறது. கம்பியைப் பிடித்துக்கொண்டிருந்தது, நல்லவேளை, சின்ன விரல்கள் வெளுக்க இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தது. பெண்ணாகப் பிறந்திருக்கிறது. பிறந்தபோது எல்லாரும் அம்மாவே வந்து பிறந்திருக்கா என்றார்கள், அவளும் ஆமாம் ஆமாம் என்று சிரித்தாள். வர வேண்டாம். அம்மா, நீ அங்கேயே இரு. மூக்கை வேண்டுமானால் கொடு, அந்தச் சிரிப்பைக் கொடு, இதைக் கொடுக்காதே, என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே தலையைத் திருப்பினவள் பெரியம்மாவின் கையைப் பார்த்தாள். மடிந்திருந்தது. இடக்கை, அக்குளுக்கடியில், முந்தானைக்குள்ளே. அது ஒன்றுமில்லை, அக்காதங்கச்சி ஒரே மாதிரி நிற்பார்கள், உட்காருவார்கள். ஆனால் அம்மா போன வீட்டில், பூக்காட்டில், இத்தனை வருஷத்தில் பெரியம்மா கையை வீசிக்கொண்டுதான் நடப்பாள். கையை வீசி வீசி ஆள்களை விரட்டுவாள். எப்போதிலிருந்து இப்படி? போன தைக்கு? அதற்கும் முன்பா? யாராவது உன்னைப் பாக்குறோமா பெரியம்மா, நீதான எல்லாரையும் பாக்குற.

"புடி பெரியம்மா இவள," என்று பிள்ளையைத் தூக்கிக் கொடுத்தாள். ஏன் கொடுத்தாள் என்று இந்தத் தடவை தெரிந்தது. பெரியம்மா வாங்கினாள், வலப்பக்கமாக, தொடையில் நிற்கவைத்து, "என் ராசாத்தி, என் கொள்ளைக்காரி," என்றாள். கொள்ளைக்காரி நின்ற இடத்தில் நிற்கவில்லை. பசி நேரம், எந்த மடியானாலும் முதலில் தேடுவது ஒன்றைத்தான். முட்டிக்கொண்டு போய்ப் பெரியம்மாவின் இடப்பக்கம் முகத்தை வைத்தது. வைத்ததும் பெரியம்மாவின் வாயிலிருந்து ஸ் என்று ஒரு சத்தம், அடுப்பில் தண்ணீர் தெளித்த மாதிரி, அவ்வளவுதான், பிறகு சிரிக்கப் பார்த்தாள், "போடி, கிழவிகிட்ட என்ன இருக்குன்னு," என்று பிள்ளையின் கையை விலக்கினாள். பிள்ளை ரவிக்கை விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தது. விலக்கின கையோடு எதுவோ வந்தது. வாய்க்குப் போவதற்குள் நாகஜோதி அந்தக் கையைப் பிடித்தாள். மூடின விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தாள், பிள்ளை விடமாட்டேன் என்று முறுக்கியது, பிரித்தாள். உள்ளங்கையில் ஒரு மல்லிகை. பழுப்பாக, ஈரமாக, நசுங்கி. ஜன்னலுக்கு வெளியே ஒரு லாரி ஹார்ன் அடித்துக்கொண்டே கடந்துபோனது. அது கடந்து முடியும்வரை இரண்டு பேரும் அந்தப் பூவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். "தலையிலருந்து விழுந்திருக்கும்," என்றாள் பெரியம்மா. பெரியப்பா போனதிலிருந்து அவள் பூ வைப்பதில்லை. 

"எப்பருந்து பெரியம்மா?" குரலைத் தாழ்த்தித்தான் கேட்டாள், முன்சீட்டுக்காரிக்குக் காது கூர்மை. "எப்பருந்துன்னா? என்ன எப்பருந்து? அது பால்கட்டுடி." "பாலு எங்கருந்து வந்துச்சு ஒனக்கு?" பெரியம்மா முந்தானையை இழுத்து மூடினாள். "ஒம் மகன் மெட்ராஸ்ல ரெண்டு பிள்ளைக்குத் தகப்பன். அவன் குடிச்ச பாலு இன்னமும் அங்கனயே நிக்கிதா?" இதைச் சொல்லும்போது உதட்டோரம் சிரிப்பு வந்துவிட்டது, அழ வேண்டிய இடத்தில் எப்போதும் அவளுக்கு அதுதான் வரும், பெரியம்மாவுக்கும் வந்தது, கோணலாக, கண்ணில் தண்ணீரோடு. "கத்தாதடி, கேக்குது." "நான் எங்க கத்துனேன்." "ஆவணியில பாத்தேன். சின்னதாத்தான் இருந்துச்சு. பூ வச்சா நிக்கும்னு வச்சேன். நின்ன மாதிரித்தான் இருந்துச்சு." "எங்கம்மாவுக்கும் நின்ன மாதிரித்தான் இருந்துச்சு." "ஒங்கம்மாவுக்கு நாந்தான வச்சுக் கட்டுனேன்," என்றாள் பெரியம்மா. பிறகு ரொம்ப நேரம் ஜன்னலைப் பார்த்தாள், ஜன்னல் நாகஜோதி பக்கம் இருந்ததால் அது நாகஜோதியைப் பார்க்கிற மாதிரி இருந்தது. "எங்காத்தாவுக்கு வச்சுக் கட்டுனது எங்க சின்னாத்தா. அதப் பாத்துத்தான் எனக்குத் தெரியும். வேற என்ன தெரியும் எனக்கு. நான் உன்கூட ஏன் வந்தேன் தெரியுமா, நீ உள்ள போயி வெளிய வரும்போது ஒன் மூஞ்சியப் பாத்தாத் தெரிஞ்சு போயிரும்ல. நீ சிரிச்சுக்கிட்டு வந்தா எனக்கும் ஒண்ணுமில்ல. அப்படித்தான் நெனச்சுக்கிட்டேன்." நாகஜோதிக்குச் சட்டென்று கோபம் வந்தது, இத்தனை நாள் வராத கோபம், என்னை முன்னால் அனுப்பி ஆழம் பார்க்க வந்தாயா என்று கேட்க வாயெடுத்தாள், கேட்கவில்லை. ஏனென்றால் அவளும் அதைத்தான் யோசித்துக்கொண்டு வந்தாள். நிலக்கோட்டையிலேயே இறங்கிவிடலாமா, மார்க்கெட்டில் பிள்ளைக்கு ஒரு கவுன் எடுத்துக்கொண்டு அடுத்த பஸ்ஸில் திரும்பிவிடலாமா, கூட்டமாயிருந்துச்சு, அடுத்த வாரம் வரச்சொன்னாங்க என்று சங்கிலியிடம் சொன்னால் நம்புவான் என்று. முகத்தைக்கூடத் தயார்செய்து வைத்திருந்தாள். எல்லாரும் யாராவது ஒருத்தர் முகத்தைப் பார்த்துத்தான் இருந்திருக்கிறோம். அம்மாச்சி முகத்தை அம்மா பார்த்தாள், அம்மா முகத்தைப் பெரியம்மா பார்த்தாள், சிரிக்கிற முகம்தான் எல்லாருக்கும், கடைசிவரைக்கும்.

டவுன் வந்துவிட்டது. கட்டடம், போஸ்டர், சைக்கிள் கடை, பள்ளிக்கூடத்துக்கு ஓடுகிற பிள்ளைகள். "ஆஸ்பத்திரி எறங்கு," என்று கண்டக்டர் குரல் கொடுத்தார், இரண்டு மூன்று பேர் எழுந்தார்கள். நாகஜோதி எழுந்தாள். "வா பெரியம்மா." "நான் பஸ்ஸ்டாண்டுலதான். டிக்கெட்டு எடுத்திருக்குல்ல." "வா சொல்றேன்." "போடி. நீ போ. எனக்குக் காலு வரல ஜோதி." அது நிஜம்.  கையைப் பிடித்து இழுத்தால் வரமாட்டாள், கம்பியைப் பிடித்துக்கொள்வாள், பஸ்ஸே வேடிக்கை பார்க்கும், கடைசியில் நானும் உட்கார்ந்துவிடுவேன், இரண்டு பேரும் பஸ்ஸ்டாண்டில் இறங்கி ஆளுக்கொரு டீ குடித்துவிட்டு, சாயங்காலம் வீட்டில், ஒண்ணுமில்லையாம். நன்றாகத் தெரிந்தது அது, நடந்து முடிந்ததைப் பார்க்கிற மாதிரி. பெரியம்மா மடியில் பிள்ளை முந்தானையைச் சப்பிக்கொண்டிருந்தது. நாகஜோதி குனிந்து பையை மட்டும் எடுத்தாள். நடந்தாள். "ஏய்," என்றாள் பெரியம்மா, "ஏய், பிள்ள." திரும்பவில்லை. படியில் கால் வைத்தபோது மார் இரண்டும் சுரந்தது, வலப்பக்கம் ரவிக்கை நனைந்தது, உடம்பு முழுக்கத் திரும்பு திரும்பு என்றது, பெற்றதிலிருந்து ஒரு கை தூரத்துக்கு அப்பால் பிள்ளையை விட்டதில்லை, திரும்பினால் எடுத்துக்கொள்வேன், எடுத்துக்கொண்டால் பெரியம்மா போய்விடுவாள், போனால் அவ்வளவுதான். தரையில் இறங்கினாள். பின்னால் விசில் சத்தம். பஸ் நகர்கிற சத்தம். காதெல்லாம் இரைந்தது. எடுத்து வைத்த கால் எங்கே போகிறது என்று தெரியாமல் போனது, வாசல், காவலாளி, இளநீர்க்காரன், ஐயோ போய்விட்டது, பஸ் போய்விட்டது, என்ன காரியம் செய்துவிட்டேன், பேய் பிடித்தவளா நான், பிள்ளையைப் போய். அப்போதுதான் கேட்டது, நாலு தெருவுக்குக் கேட்கும் அந்தக் குரல். "நிறுத்துய்யா வண்டிய. பெத்த பிள்ளைய விட்டுட்டுப் போறா பாரு கூறுகெட்ட கழுத. ஏய் ஜோதி. நில்லுடி." பிறகு பஸ் மூச்சுவிட்டு நிற்கிற சத்தம், செருப்புச் சத்தம், பிள்ளையின் சிரிப்பு, அதற்கு இதெல்லாம் விளையாட்டு.

நாகஜோதி நிற்கவில்லை, மெதுவாக மட்டும் நடந்தாள், வரிசை வரைக்கும். சீட்டு எழுதுகிற ஜன்னலில் அவள் முறை வந்தபோது பெரியம்மா மூச்சிரைக்கப் பக்கத்தில் வந்து சேர்ந்திருந்தாள், பிள்ளையை இடப்பக்கமே தூக்கிக்கொண்டு, வலியெல்லாம் மறந்து, வாய் ஓயாமல் திட்டிக்கொண்டு. "ஒனக்கெல்லாம் எவடி பிள்ளைய நம்பிக் குடுப்பா. ஒங்கம்மா இருந்திருந்தா செவுளு பேந்திருக்கும்." "பேந்திருக்கும்," என்றாள் நாகஜோதி, பிள்ளையை வாங்கிக்கொண்டாள், பிள்ளை கழுத்தில் முகத்தை வைத்தது, கால் இரண்டும் இப்போதுதான் தரையில் நிற்கிற மாதிரி இருந்தது. ஜன்னலுக்குள்ளே இருந்த பையன் நிமிராமல், "எத்தன சீட்டு?" என்றான். "ரெண்டு." பெரியம்மா திருத்தவில்லை. "பேரு?" "ஒச்சம்மா." எழுதினான். "என்ன செய்யுது அவங்களுக்கு?" நாகஜோதி பெரியம்மாவைப் பார்த்தாள், சொல்லட்டும் என்று விட்டாள். பெரியம்மாவின் இடக்கை தானாக மேலே போனது, அக்குளுக்கடியில் நுழையப் போய், பாதியில் நின்றது. "பால்," என்றாள். வாய் பழகின சொல், பாதி வந்துவிட்டது. மீதி வரவில்லை. வரிசையில் பின்னால் இருந்தவர்கள் முண்டினார்கள். பையன் நிமிர்ந்து பார்த்தான், "பாலா?" என்றான். "இல்லய்யா," என்றாள் பெரியம்மா, முகத்தில் ஒரு சிரிப்பும் இல்லாமல், "கட்டி. மார்ல." எழுதினான். அடுத்த சீட்டை இழுத்துவைத்தான். "இன்னொண்ணு யாருக்கு, பாப்பாவுக்கா?" பாப்பாவுக்கு இல்லை என்று நாகஜோதி சொன்னாள், கொஞ்சம் சத்தமாகவே, அந்தக் கட்டடம் முழுக்கக் கேட்க வேண்டும் என்கிற மாதிரி, பாப்பாவுக்கு ஒண்ணும் இல்ல, பிறகு தன் பெயரைச் சொன்னாள், பெரியம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள், எனக்கும் அதான்.